கத்திரி பிடித்த கை: பஞ்சு என்கிற பஞ்சாபி

நாகர்கோவில் பக்கத்துக்காரர்களிடம் கலைவாணர் என்.எஸ்.கிருஷ்ணனைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் பொழுது போவதே தெரியாது. ஒழுகினசேரியில் 1908-ல் பிறந்தது, நாடகக் கம்பெனி, மதுரம் அம்மையாருடன் ஜோடி சேர்ந்தது, கொலை வழக்கு, விடுதலை, இல்லையென்று வந்தவர்களுக்கு வாரிக் கொடுத்தது என்று என் வயதுக்காரர்கள் வரிசையாகச் சொல்வார்கள். அவர் நடித்த படங்களின் பெயரும் தலைகீழ்ப் பாடம். ஆனால் அந்தப் படங்களில் சிலவற்றைச் செய்து முடித்த ஒரு மனிதரின் பெயரைக் கேட்டால் யாருக்கும் சட்டென்று நினைவுக்கு வருவதில்லை. அவரைப் பற்றி எழுத வேண்டும் என்று வெகு நாளாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

அவர் பெயர் பஞ்சு. கிருஷ்ணன்-பஞ்சு என்ற இரட்டை இயக்குநர்களில் ஒருவர். இயக்குநராகக்கூட அவரைச் சிலருக்குத் தெரியும். அவருக்கு இன்னொரு பெயரும் உண்டு. படத்தின் ஆரம்பத்தில் 'எடிட்டிங்' என்ற இடத்தில் 'பஞ்சாபி' என்று வருமே, அவரும் இவர்தான். வடக்கத்திக்காரர் யாரோ என்று பலர் நினைத்திருப்பார்கள். அவர் கும்பகோணத்துக்குப் பக்கத்தில் உள்ள உமையாள்புரத்துக்காரர். 1915-ல் பிறந்தவர். மிருதங்க வித்வான் சிவராமன் பெயரோடு சேர்த்து நாம் அறிந்த அதே உமையாள்புரம்தான். தாளக் கணக்குக்குப் பேர்போன ஊரிலிருந்து சினிமாவின் தாளத்தைக் கணக்குப் பண்ணும் வேலைக்கு ஒருவர் வந்திருக்கிறார்.

அந்த வேலை என்ன என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன். இன்று கம்ப்யூட்டரில் செய்துவிடுகிறார்கள். அன்று எல்லாமே கையால்தான்.

35 மில்லிமீட்டர் ஃபிலிமில் ஓர் அடிக்கு 16 சின்னப் படங்கள். திரையில் ஒரு விநாடிக்கு 24 படங்கள் ஓட வேண்டும். ஆக, ஒரு நிமிடப் படத்துக்கு 90 அடி ஃபிலிம். மூன்று மணி நேரப் படம் என்றால் 16,200 அடி, கிட்டத்தட்ட 5 கிலோமீட்டர். இந்த வயதில் நான் காலையில் நடக்கிற தூரத்தைவிட அதிகம். இது முடிந்த படத்தின் நீளம். எடுத்தது அதைவிடப் பல மடங்கு இருக்கும். ஒரே காட்சியை மூன்று தடவை, நாலு தடவை எடுத்திருப்பார்கள். கிட்டத்தில் ஒன்று, எட்டத்தில் ஒன்று எடுத்திருப்பார்கள். கடைசிக் காட்சியை முதல் நாளே எடுத்திருப்பார்கள். படம் ஒரு சுருளிலும் ஒலி வேறொரு சுருளிலும் இருக்கும்.

இத்தனையும் எடிட்டரின் மேஜைக்கு வரும். அவர் மூவியோலா என்ற மெஷினில் ஓட்டிப் பார்த்து, வேண்டிய இடத்தில் பென்சிலால் கோடு போட்டு, கத்தரித்து, ஓரத்தைச் சுரண்டி, சிமெண்ட் என்று சொல்லுகிற பசையைத் தடவி ஒட்டுவார். இப்படி ஒட்டிய பிரதியைப் போட்டுப் பார்த்துத் திருப்தியான பிறகு, ஃபிலிமின் ஓரத்தில் இருக்கும் எண்களை வைத்து மூல நெகட்டிவை அதே மாதிரி வெட்டுவார்கள். நெகட்டிவில் தப்பாகக் கத்திரி பட்டால் பட்டதுதான். மறுபடி ஒட்டினாலும் ஒட்டுகிற இடத்தில் படம் போய்விடும். போதாததற்கு, அந்தக் காலத்து நைட்ரேட் ஃபிலிம் சட்டென்று தீப்பிடிக்கிற சரக்கு. எடிட்டிங் அறையில் பீடி, சிகரெட் கூடாது.

எங்கள் பக்கத்து டூரிங் கொட்டகைகளில் ஆபரேட்டராக இருந்த ஒருவர் ராஜாக்கமங்கலத்தில் எனக்குப் பழக்கம். அவரிடம் இதைப் பற்றிக் கேட்டேன். "சார், ரீல் அறுந்தா நாங்களும் ஒட்டுவோம். ஆனா நாங்க ஒட்டினா சனம் விசிலடிக்கும். அவங்க ஒரு படத்துல ஆயிரம் ஒட்டு போட்டிருப்பாங்க, ஒருத்தனுக்கும் தெரியாது. அதுதான் சார் வித்தை" என்றார். பெரிய புத்தகங்களில் எழுதியிருப்பதை அவர் நாலு வரியில் சொல்லிவிட்டார்.

நான் புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்தவன் என்பது இந்தப் பக்கத்தைப் படிக்கிறவர்களுக்குத் தெரியும். பிரெஞ்சில் இந்த வேலைக்கு 'மோந்தாழ்' என்று பெயர். ஏற்றுவது, பொருத்துவது என்று அர்த்தம். வேலையைச் செய்கிறவர் 'மோந்தர்'. மெஷின் பாகங்களைப் பொருத்துகிற ஃபிட்டருக்கும் அதே சொல்தான். ஆங்கிலேயர்கள் பழைய நாளில் இவரைக் 'கட்டர்' என்றார்கள், வெட்டுகிறவர். நாம் 'தொகுப்பாளர்' என்கிறோம். ஒருவன் வெட்டுவதைப் பார்க்கிறான், ஒருவன் பொருத்துவதைப் பார்க்கிறான், நாம் சேர்த்து வைப்பதைப் பார்க்கிறோம். மூன்றும் சரிதான். எனக்கு நம் சொல்தான் பிடித்திருக்கிறது. ஏன் என்பதைக் கடைசியில் சொல்கிறேன்.

1920-களில் ரஷ்யாவில் குலெஷோவ் என்பவர் ஒரு பரிசோதனை செய்தார். ஒரு நடிகரின் சலனமில்லாத முகத்தை எடுத்துக்கொண்டு, அதற்குப் பக்கத்தில் ஒரு தடவை சூப் கிண்ணத்தையும், ஒரு தடவை சவப்பெட்டியையும், ஒரு தடவை ஒரு பெண்ணையும் ஒட்டிக் காட்டினார். பார்த்தவர்களுக்கு அதே முகத்தில் பசியும் துக்கமும் ஆசையும் தெரிந்ததாம். முகம் மாறவில்லை, பக்கத்தில் இருந்தது மாறியது. சினிமாவில் பாதி நடிப்பு எடிட்டர் மேஜையில் நடக்கிறது என்று சொல்வது இதனால்தான்.

இனி பஞ்சுவிடம் வருவோம். அவர் பி.கே.ராஜா சாண்டோவிடம் உதவியாளராக இருந்து எடிட்டிங் கற்றவர். புதுக்கோட்டைக்காரரான ராஜா சாண்டோ பம்பாயில் ஊமைப் படங்களில் பேர் வாங்கிவிட்டுத் தமிழுக்கு வந்தவர். தேகப்பயிற்சி வீரர், கண்டிப்பானவர். கோவையில் ஸ்டுடியோ லாபரட்டரியில் ஃபிலிம் கழுவும் பிரிவில் வேலை பார்த்தவர் சென்னைக்காரரான ஆர்.கிருஷ்ணன். ராஜா சாண்டோவின் 'ஆராய்ச்சிமணி' (1942) சமயத்தில் இருவரும் சிநேகிதமானார்கள். ஒருவருக்கு ஃபிலிமைக் கழுவத் தெரியும், இன்னொருவருக்கு வெட்டத் தெரியும். இரண்டு பேரும் வெளிச்சத்துக்கு வராத இருட்டறைக்காரர்கள். சேர்ந்து இயக்கிய முதல் படம் 'பூம்பாவை' (1944), மயிலாப்பூரில் சம்பந்தர் பூம்பாவையை உயிர்ப்பித்த கதை.

அது போர்க்காலம். வெளிநாட்டிலிருந்து ஃபிலிம் வருவது குறைந்துபோய், ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று சர்க்கார் கட்டுப்பாடு வைத்திருந்தது. கணக்குப் பார்த்தால் இரண்டு மணி நேரம்தான். ஐம்பது பாட்டு வைத்து நாலு மணி நேரம் ஓட்டிப் பழகியிருந்த தமிழ் சினிமாவுக்கு அது பெரிய நெருக்கடி. எதை வைத்துக்கொள்வது, எதை விடுவது என்று தெரிந்த ஆளுக்கு அப்போது மதிப்பு ஏறியது. கத்திரி பிடித்தவர் டைரக்டர் நாற்காலிக்கு வந்தது பொருத்தமான நேரத்தில்தான்.

இப்போது நம் ஊர்க் கதை. 1944 நவம்பரில் பத்திரிகைக்காரர் லட்சுமிகாந்தன் கொல்லப்பட்டார். அந்த வழக்கில் தியாகராஜ பாகவதரும் கலைவாணரும் கைதாகித் தண்டனை பெற்றார்கள். வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போய்த் திரும்பி, 1947 ஏப்ரலில் இருவரும் விடுதலையானார்கள். கலைவாணர் உள்ளே இருந்த காலத்தில் அவருடைய நாடகக் குழுவைத் தாங்கி நின்றவர் எஸ்.வி.சகஸ்ரநாமம். அந்தக் குழுவின் 'பைத்தியக்காரன்' நாடகம் என்.எஸ்.கே. பிக்சர்ஸ் பெயரில் படமானது. இயக்கம் கிருஷ்ணன்-பஞ்சு. சகஸ்ரநாமமும் மதுரமும் முக்கிய வேடங்களில் நடித்தார்கள். எம்.ஜி.ஆருக்கும் ஒரு வேடம் இருந்தது.

படம் வளர்ந்துகொண்டிருக்கும்போது கலைவாணர் வெளியே வந்துவிட்டார். அவர் பெயரில் உள்ள கம்பெனியின் படத்தில் அவர் இல்லாமல் இருக்கலாமா? ஜனங்கள்தான் ஒத்துக்கொள்வார்களா? அவருக்காக ஒரு வேடத்தை உண்டாக்கினார்கள். அவர் இருந்தால் ஜோடியாக மதுரம் இருக்க வேண்டும். மதுரமோ ஏற்கனவே கிழவருக்கு வாழ்க்கைப்படும் பெண்ணாக நடித்திருக்கிறார். சரி என்று அவருக்கு இரண்டாவது வேடமும் கொடுத்து, கலைவாணரோடு சேர்த்துவிட்டார்கள். 1947 செப்டம்பரில் படம் வெளிவந்தது.

கட்டி முடிக்கப்போகிற வீட்டுக்கு நடுவில் புதிதாக ஓர் அறை சேர்க்கச் சொன்னால் கொத்தனார் என்ன பாடு படுவார் என்று யோசித்துப் பாருங்கள். எந்தச் சுவரை இடிப்பது, எங்கே வாசல் வைப்பது, வெளிச்சம் எங்கிருந்து வரும்? கதையில் எந்த இடத்தில் திறந்தால் ஒட்டு தெரியாமல் புது ஆட்களை உள்ளே விடலாம் என்று கண்டுபிடிக்கிற கண், வெட்டி ஒட்டிப் பழகியவருக்குத்தான் வாய்க்கும். சிறையிலிருந்து திரும்பிய நம் ஊர்க்காரருக்கு மறுபடி திரையில் இடம் செய்து கொடுத்தவர்களில் இந்த உமையாள்புரத்துக்காரரும் ஒருவர். நாஞ்சில் நாட்டுக்காரர்கள் அவரை நினைக்க இது ஒன்றே போதும் என்பேன்.

அடுத்து 'நல்லதம்பி' (1949). அண்ணா சினிமாவுக்கு எழுதிய தொடக்கப் படங்களில் ஒன்று, கலைவாணர்தான் கதாநாயகன், இயக்கம் அதே இரட்டையர். அமெரிக்காவில் ஃபிராங்க் காப்ரா 1936-ல் எடுத்த ஒரு படத்தைத் தழுவியது. கலைவாணரின் 'கிந்தனார்' காலட்சேபம் இதில்தான் வருகிறது. ஒரு மனிதர் நின்றுகொண்டு கதை சொல்லிப் பாடுகிறார். இந்த மாதிரிக் காட்சியில் எடிட்டருக்குக் கை துறுதுறுவென்று இருக்கும். ஆனால் சொல்கிறவரின் தாளம் அறுந்துபோகாமல் விட வேண்டும். வெட்டத் தெரிந்தவனுக்கு வெட்டாமல் இருக்கவும் தெரிய வேண்டும்.

1952 தீபாவளிக்கு 'பராசக்தி' வந்தது. அப்போது நம் பகுதி திருவிதாங்கூர்-கொச்சி ராஜ்யத்தில் இருந்தது. தமிழ்நாட்டோடு சேர இன்னும் நாலு வருஷம் பாக்கி. கலைஞரின் வசனம், சிவாஜியின் முதல் படம் என்பது குழந்தைக்கும் தெரியும். எடிட்டிங் 'பஞ்சாபி' என்பது எத்தனை பேருக்குத் தெரியும்?

அந்தப் படத்தில் எடிட்டருக்குச் சோதனை இரட்டிப்பு. முதலில் கொஞ்சம் எடுத்துப் பார்த்ததும் ஏ.வி.மெய்யப்பச் செட்டியாருக்குப் புதுப் பையன் மேல் நம்பிக்கை வரவில்லை. உடம்பு ஒல்லியாக இருக்கிறது, வேறு ஆளைப் போடலாம் என்றார். நேஷனல் பிக்சர்ஸ் பி.ஏ.பெருமாள் விடாப்பிடியாக நின்றார். படம் வளர்ந்த பிறகு, பிடிக்காத ஆரம்பக் காட்சிகளை மறுபடி எடுத்தார்கள். முன்பு எடுத்ததும் பின்பு எடுத்ததும் ஒரே மனிதனின் ஒரே மூச்சு போலத் தெரிய வேண்டுமே! தெரிந்தது.

இன்னொரு சோதனை அந்த நீண்ட வசனங்கள். நீதிமன்றக் காட்சியை இன்றும் வீட்டில் சின்னப் பையன்கள் நடித்துக் காட்டுகிறார்கள். அவ்வளவு நேரம் ஒருவர் பேசினால், நியாயப்படி கொட்டகையில் ஆட்கள் எழுந்து வெளியே போயிருக்க வேண்டும். யாரும் போகவில்லை. வசனமும் நடிப்பும் முதல் காரணம், மறுக்கவில்லை. பேசுகிறவரின் முகத்தில் எவ்வளவு நேரம் நிற்பது, எந்தச் சொல்லில் கேட்கிறவர்கள் பக்கம் திரும்புவது, எப்போது மறுபடி அவரிடம் வருவது என்ற கணக்கும் ஒரு காரணம். அந்தக் கணக்கைப் போட்டவர் பெயரை நாம் கேட்டதில்லை.

பிறகு ஏ.வி.எம்முக்காக 'சர்வர் சுந்தரம்' (1964), 'குழந்தையும் தெய்வமும்' (1965), 'உயர்ந்த மனிதன்' (1968) என்று இந்த ஜோடி தொடர்ந்தது. தமிழ், இந்தி, தெலுங்கு எல்லாம் சேர்த்து 50-க்கு மேல் படங்கள். 'குழந்தையும் தெய்வமும்' படத்தில் குட்டி பத்மினி இரட்டைக் குழந்தைகளாக வருவார். எரிக் கெஸ்ட்னர் எழுதிய ஜெர்மன் சிறுவர் நாவல் 1961-ல் அமெரிக்கப் படமாகி, அங்கிருந்து நம்மிடம் வந்தது. ஒரு குழந்தை இடது பக்கம் பார்க்கிறது, வெட்டு, இன்னொரு குழந்தை வலது பக்கம் பார்க்கிறது. இரண்டும் ஒன்றையொன்று பார்ப்பதாக நம் மனது நம்பிவிடுகிறது. 1947-ல் இரண்டு மதுரம், 1965-ல் இரண்டு பத்மினி. கை அதே கைதான், 18 வருஷத்தில் பழகிப்போயிருந்தது.

இவர்களிடம் உதவி எடிட்டராகச் சேர்ந்த ஒரு பையனைப் பற்றியும் சொல்ல வேண்டும். பெயர் பீம்சிங். கிருஷ்ணனின் சகோதரியை மணந்தவர். 'பாகப்பிரிவினை', 'பாவமன்னிப்பு', 'பாசமலர்', 'பாலும் பழமும்' என்று நம் வீட்டுப் பெண்களை எல்லாம் அழவைத்தவர். கண்ணீர் எந்த விநாடியில் வரும் என்று எடிட்டிங் மேஜையில் கற்றுக்கொண்டவர் அவர். அவர் மகன் பி.லெனினும் எடிட்டர்தான். 'நாயகன்' தொடங்கி எத்தனையோ படங்கள். வி.டி.விஜயனுடன் சேர்ந்து 'காதலன்' படத்துக்குத் தேசிய விருது வாங்கினார். 'ஊருக்கு நூறு பேர்' படத்துக்கு இயக்குநராகவும் விருது வாங்கினார். ஏ.வி.எம். எடிட்டிங் பிரிவில் இருந்து வந்தவர்கள்தான் 'ஆலயமணி' கே.சங்கரும் எஸ்.பி.முத்துராமனும். இங்கிலாந்தில் டேவிட் லீன் முதலில் எடிட்டர். அமெரிக்காவில் 'சிட்டிசன் கேன்' படத்தை எடிட் செய்த ராபர்ட் வைஸும் பிறகு பெரிய இயக்குநர் ஆனார். பிரான்சில் அலென் ரெனே, தான் பெரிய இயக்குநராகும் முன்பு, ஆன்யெஸ் வர்தாவின் முதல் படத்துக்கு மோந்தர். எங்கேயும் இந்தப் பள்ளிக்கூடம் இருட்டறையில்தான் நடந்திருக்கிறது.

நான் 30 வருஷத்துக்கு மேல் சர்க்கார் ஆபீசில் கிளார்க்காக இருந்தவன். பத்து இடத்திலிருந்து வரும் தபால்களை வரிசைப்படுத்தி, தேதி பார்த்து, பக்க எண் போட்டு, டேக் கட்டி, வேண்டாததை ஒதுக்கி, நோட் எழுதி மேலே அனுப்புவோம். உத்தரவு அதிகாரி கையெழுத்தில் போகும். ஃபைல் ஒழுங்காக இருந்தால் கிளார்க்கை யாரும் நினைக்கமாட்டார்கள். ஒரு காகிதம் இடம் மாறினால் அன்றைக்குத்தான் நம் பெயர் அடிபடும். ஆகையால் எடிட்டர்கள் மேல் எனக்குக் கொஞ்சம் அதிகப் பாசம். வேலை நன்றாக அமைந்தால் மறைந்துபோகிற ஜாதி இரண்டும்.

இதை இப்போது எழுதக் காரணம் உண்டு. பழைய படங்களில் எல்லார் பெயரும் ஆரம்பத்திலேயே வந்துவிடும். அன்று கொட்டகையில் கடலை வாங்கி, இடம் பிடித்து உட்காருவதற்குள் டைட்டில் முடிந்துவிடும். இருந்தாலும் பெயர் ஃபிலிமில் இருந்தது. இன்று டிவியில் நேரம் மிச்சம் பிடிக்க டைட்டிலை வெட்டிவிடுகிறார்கள். செல்போனில் வருவதோ துண்டுக் காட்சி, துண்டுப் பாட்டு. அதில் சிவாஜியின் முகம் இருக்கும், கலைஞரின் வசனம் இருக்கும். வெட்டி ஒட்டியவரின் பெயர் மட்டும் வெட்டுப்பட்டுப் போயிருக்கும். பழைய தமிழ்ப் படங்கள் பலவற்றுக்கு இன்று பிரதியே இல்லை. இருப்பதிலும் பெயரை எடுத்துவிட்டால், அடுத்த தலைமுறைக்கு இப்படி ஒருவர் இருந்தார் என்பதே தெரியாது.

நம் முன்னோர் இப்படி இல்லை. சங்க இலக்கியத்தில் ஐங்குறுநூற்றைப் பாடியவர்கள் ஐந்து புலவர்கள். அதைத் தொகுத்தவர் புலத்துறை முற்றிய கூடலூர் கிழார், தொகுப்பித்தவர் யானைக்கட்சேய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை என்ற சேர மன்னர் என்று பெயர் சொல்லி வைத்திருக்கிறார்கள். பாடினவர், தொகுத்தவர், பணம் போட்டவர் மூன்று பேருக்கும் தனித்தனி மரியாதை. 'தொகுப்பாளர்' என்ற சொல் எனக்குப் பிடித்ததற்கு இதுதான் காரணம். சினிமா டைட்டில் கார்டுக்கு வழிகாட்டி நம்மிடமே இருந்திருக்கிறது.

பஞ்சு 1984-ல் காலமானார். கிருஷ்ணன் 1997 வரை இருந்தார். 40 வருஷம் இரண்டு பெயரும் பிரியாமல் ஒரே வரியில் வந்தன. கலைவாணருக்குச் சென்னையில் சிலை உண்டு, 1969 ஜனவரியில் அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அந்தச் சிலைத் திறப்புதான். பஞ்சுவுக்குச் சிலை வேண்டும் என்று நான் கேட்கவில்லை. பேரன் பேத்திகளோடு 'பராசக்தி' பார்க்க உட்காரும்போது, டைட்டில் உள்ள பிரதியாகப் பார்த்துப் போடச் சொல்லுங்கள். 'பஞ்சாபி' என்ற பெயர் வரும்போது, "அவர் பஞ்சாப்காரர் இல்லை மக்களே, கும்பகோணத்துப் பக்கம்" என்று ஒரு வார்த்தை சொல்லி வையுங்கள்.